தமிழில் கையெழுத்துப் போட்டால் ஒரு சாட்சி கூடுதல்

சேலம் கலெக்டர் ஆபீஸ் பக்கம் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவனுக்கு ஊரின் கவலைகளெல்லாம் காகிதமாகக் கைக்கு வந்துவிடும். போன வருஷம் கல்லூரி சேர்க்கை நேரத்தில் ஓர் அம்மா வந்தார். மகளுக்கு நர்சிங் இடம் கிடைத்திருக்கிறது. கல்விக் கடனுக்கு வங்கியில் ஒரு கற்றைக் காகிதம் கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள். இருபது பக்கத்துக்கு மேல் இருக்கும். எல்லாம் ஆங்கிலம்.

“எங்கெங்க கையெழுத்துப் போடணுமோ அங்கல்லாம் பென்சில்ல ஒரு இன்ட்டு போட்டுக் குடு கண்ணு” என்றார்.

“என்ன எழுதியிருக்குதுன்னு படிச்சுச் சொல்லட்டுங்களாக்கா?”

“சொல்லி? வேண்டாம்னா விட்டுருவாங்களா, போட்டுத்தானே ஆகணும்.”

இன்ட்டு போட்டுக்கொண்டே வந்தேன். கடைசிக்கு முந்தின பக்கத்தில் தனியாக ஒரு கட்டம். விண்ணப்பதாரர் ‘வெர்னாகுலர்’ மொழியில் கையெழுத்திட்டால் மட்டும் நிரப்ப வேண்டியது. மேற்கண்ட விவரங்களை அவருக்குத் தெரிந்த மொழியில் படித்து விளக்கினேன், அவரும் புரிந்துகொண்டார் என்று இன்னொருவர் உறுதி சொல்லிக் கையெழுத்துப் போட வேண்டும். கடன் பத்திரமோ இன்ஷூரன்ஸ் படிவமோ, பெரும்பாலும் எங்காவது ஒரு மூலையில் இந்தக் கட்டம் இருக்கும். ஆங்கிலத்தில் கையெழுத்துப் போடுகிறவருக்கு இது வேண்டாம். பெயரை ஆங்கிலத்தில் கிறுக்கத் தெரிந்துவிட்டால் இருபது பக்கத்தையும் படித்துப் புரிந்துகொண்ட ஆள் என்று கணக்கு. தமிழில் போட்டால் சாட்சி வேண்டும்.

விவரம் தெரியாதவரை ஏமாற்றிவிடக் கூடாது என்று வந்த ஏற்பாடு இது. நோக்கத்தில் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்த அம்மா பத்தாவது வரை படித்தவர், வாரப் பத்திரிகைத் தொடர்கதையை விடாமல் வாசிக்கிறவர். அவருக்குப் படிக்கத் தெரியாது என்று எடுத்துக்கொள்வதற்குக் காகிதத்துக்கு ஒரே காரணம்தான் இருந்தது, கையெழுத்து தமிழில் இருந்தது. ‘வெர்னாகுலர்’ என்ற சொல்லின் வேர் ‘வெர்னா’ என்ற லத்தீன் சொல். எஜமானன் வீட்டிலேயே பிறந்த அடிமை என்று பொருள். படிவம் அச்சடித்தவருக்கு அது தெரிந்திருக்காது.

ஆங்கிலம் நம்மை என்ன செய்தது என்று ஆரம்பித்தால் பேச்சு சீக்கிரமே இரண்டாகப் பிரிந்துவிடும். கலப்பினால் தமிழ் கெட்டது என்பார் ஒருவர். ஆங்கிலம் இல்லாவிட்டால் பிழைப்பு ஏது என்பார் அடுத்தவர். பதினாறு வருஷம் படிவம் நிரப்பிப் பார்த்ததில் எனக்குப் படுவது இதுதான்: ஆங்கிலச் சொல்லைக் கண்டு இந்த ஊரில் யாரும் கூசியதில்லை. கூச்சம் ஆங்கில வாக்கியத்தில் ஆரம்பிக்கிறது. சொல் ஒரு வழியாக வந்து சேர்ந்தது, வாக்கியம் வேறு வழியாக வந்தது.

சொல் வந்த வழியைப் பார்க்க ஏற்காடு பஸ்ஸில் ஏறினால் போதும். மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள், ஒவ்வொன்றுக்கும் எண் உண்டு. ‘கொண்டை ஊசி வளைவு’ என்பதும் ஆங்கிலத்தைப் பார்த்து ஆக்கிய தொடர்தான். கொண்டையும் ஊசியும் நம் வீட்டுப் பொருள் என்பதால் நன்றாகவே ஒட்டிக்கொண்டது. ஆனால் பஸ்ஸுக்குள் அதைச் சொல்பவரை நான் கண்டதில்லை. “பத்தாவது பெண்டு தாண்டுனா காது அடைக்கும், எச்சில முழுங்கு சாமி” என்று பிள்ளைக்குச் சொல்லிக்கொண்டு வருவார்கள். பெண்டு, பெண்டுல, பெண்டுக்கு. வேற்றுமை உருபு ஏற்று, ஈற்றில் உகரமும் சேர்ந்து, அச்சொல் எப்போதோ தமிழாகிவிட்டது. அதைச் சொல்பவர் ஆங்கிலம் பேசுவதாக அவரும் நினைப்பதில்லை, கேட்பவரும் நினைப்பதில்லை.

மேலே போனால் காபித் தோட்டங்கள். சேலத்தில் 1820 முதல் 1829 வரை கலெக்டராக இருந்த காக்பர்ன் என்ற ஸ்காட்லாந்துக்காரர்தான் சேர்வராயன் மலைக்குக் காபியைக் கொண்டுவந்தார் என்பது வழிவழிச் செய்தி. காபியோடு ஒரு சொற்கூட்டமே வந்தது. எஸ்டேட், மஸ்டர், செக்ரோல், ரைட்டர், பங்களா, பல்ப்பர், நிழலுக்கு நிற்கும் சில்வர் ஓக். காலையில் ஆளெடுக்கும் இடத்தில் ‘மஸ்டர்’ என்பதை இலங்கை மலையகத் தமிழர்கள் ‘பெரட்டு’ என்கிறார்கள். ஆங்கில ‘பரேடு’ கூலிக்காரர்களின் வாயில் உருண்டு பெரட்டாகி, ஆள் கூடும் இடம் பெரட்டுக்களம் ஆகிவிட்டது. சதை நீக்கி, கழுவி, மேல்தோலோடு காயவைத்த கொட்டைக்குப் பெயர் ‘பார்ச்மென்ட்’. லண்டனில் பார்ச்மென்ட் என்றால் பத்திரம் எழுதப் பதப்படுத்திய ஆட்டுத்தோல், வக்கீல்களின் சரக்கு. இங்கே அதே சொல்லைச் சொல்லிக்கொண்டு கையால் அளைந்து, கிளறி, மூட்டை கட்டுகிறவர்களில் பலர் அந்தத் தோலைப் பார்த்ததும் இல்லை, பார்க்க வேண்டிய அவசியமும் இல்லை.

சமவெளிக்கு இறங்கினால் ‘சேகோ’. மரவள்ளிக் கிழங்கை அரைத்து மாவெடுத்து உருட்டிக் காயவைக்கும் ஆலையைச் சேலத்தில் சேகோ பேக்டரி என்போம், சமையலறைக்குள் வந்துவிட்டால் ஜவ்வரிசி என்போம். இதில் எது தமிழ்? சேகோ மலாய் மொழியிலிருந்து ஐரோப்பியர் வழியாக ஆங்கிலத்துக்கு வந்த சொல். ஜவ்வரிசியோ ‘ஜாவா அரிசி’ தேய்ந்தது என்பார்கள். இரண்டும் கப்பலேறி வந்தவைதான், ஒன்று கொஞ்சம் முந்தி வந்துவிட்டது. தறிக்கூடத்தில் பாவும் ஊடையும் தமிழாக இருக்க, பாபினும் பீமும் மோட்டாரும் பக்கத்திலேயே ஓடிக்கொண்டிருக்கின்றன. சண்டையில்லை. பொருளைக் கையில் எடுத்தவன் சொல்லையும் சேர்த்து எடுத்துக்கொண்டான், யாரிடமும் அனுமதி கேட்கவில்லை, கட்டணமும் கட்டவில்லை.

வாக்கியம் வந்த கதை காகிதத்தோடு போகிறது.

திப்பு சுல்தானோடு நடந்த போரின் முடிவில், 1792-ல் பாராமகாலும் (இன்றைய கிருஷ்ணகிரி, தருமபுரிப் பக்கம்) சேலமும் கிழக்கிந்தியக் கம்பெனி கைக்கு வந்தன. அலெக்சாண்டர் ரீடும் அவருக்கு உதவியாளராக தாமஸ் மன்றோவும் நிலத்தை அளந்து, உழவனிடமே நேராக வரி வாங்கும் முறைக்கு இந்தப் பக்கம்தான் அடித்தளம் போட்டார்கள். பின்னால் ரயத்வாரி என்று பெயர் பெற்றது அதுவே. அந்த நாளில் கச்சேரி என்ற அரசு அலுவலகத்துக்குள் ஆங்கிலம் தெரிந்தவர் சிலர்தான். கணக்கு பாரசீகம், மராட்டி, தெலுங்கு, கன்னடம், தமிழ் என்று பல மொழிகளில் புழங்கியது. துரைமார்கள்தான் நம் மொழிகளை முட்டி மோதிக் கற்றார்கள். ஆண்டவர்களின் பழைய காகித மொழி விட்டுப்போன எச்சங்கள் இன்றும் என் கடைக்குத் தினமும் வருகின்றன: அசல், வசூல், ஜப்தி, தாசில்தார், வாரிசு. இவற்றைப் பாரசீகம், அரபி என்று யாரும் பிரித்துப் பார்ப்பதில்லை.

மன்றோ சென்னை ஆளுநரானபின் 1822-ல் மாகாணத்துப் பள்ளிக்கூடங்களைக் கணக்கெடுக்கச் சொன்னார். காபிக் கதையில் வந்த காக்பர்ன் காலத்தில் சேலத்திலிருந்தும் பதில் போயிற்று. எல்லாவற்றையும் கூட்டிப் பார்த்து 1826-ல் மன்றோ எழுதிய குறிப்பில் மாகாணம் முழுவதும் 12,498 பள்ளிகள், 1,88,650 மாணவர்கள் என்றிருக்கிறது. திண்ணைப் பள்ளி, மடம், வீடு எல்லாம் சேர்த்து. பெண்களும் ஒடுக்கப்பட்ட சாதியினரும் அதில் எத்தனை பேர் என்று கேட்டால் அந்த எண்ணின் பளபளப்பு குறைந்துவிடும் என்பதையும் சொல்ல வேண்டும். எப்படியிருந்தாலும் அங்கே படிப்பு ஊர் மொழியில் நடந்தது. 1835-ல் ஆங்கிலக் கல்வியை வலியுறுத்திய மெக்காலேயின் குறிப்பு, 1854-ல் சார்லஸ் வுட்டின் கல்வி அறிக்கை, 1857-ல் சென்னைப் பல்கலைக்கழகம் என்று அடுத்தடுத்து வந்தபோது மேலே ஏறும் படி ஆங்கிலத்தில் மட்டும் கட்டப்பட்டது. கீழே தாய்மொழி, மேலே ஆங்கிலம் என்ற அந்த அடுக்கு இன்றுவரை பெரிதாக மாறவில்லை. சேலம் நீதிமன்றத்தில் சாட்சி தமிழில் சொல்லலாம், வக்கீல் தமிழில் கேட்கலாம். மேல்முறையீடு சென்னைக்குப் போனால் அரசியலமைப்பின் 348-ஆம் பிரிவுப்படி உயர் நீதிமன்ற மொழி ஆங்கிலம். தமிழ்ப் பத்திரங்களுக்கெல்லாம் மொழிபெயர்ப்பு வேண்டும். அதை டைப் அடித்துத்தான் என் கடையின் கரண்ட் பில் கட்டுகிறேன், ஆகவே நான் அதிகம் குறை சொல்லக் கூடாது.

வாக்கியத்தை அதன் சொந்த உச்சரிப்போடு விற்ற இடம் மலை. ஏற்காட்டில் 1894-ல் கன்னியாஸ்திரிகள் நடத்திய சேக்ரட் ஹார்ட் பள்ளியும், 1917-ல் மான்ட்ஃபோர்ட் பள்ளியும் வந்தன. குளிர், கம்பளிச் சட்டை, விடுதி, ஆங்கிலம் என்று ஒரு தொகுப்பாக மலை வாழ்க்கை வெகுதூரம் வரை பெயர் வாங்கியது. அந்தப் பள்ளிகளைச் சுற்றியுள்ள ஊர்களில் இருப்பவர்கள் மலையாளிப் பழங்குடி மக்கள். சேர்வராயன் அவர்களுடைய சாமி. மலைக்கே அந்தச் சாமியின் பெயர்தான். ஆங்கிலத்தில் அது ‘ஷெவராய்’ ஆகி, இப்போது தமிழ்ப் பிள்ளைகளே ஷெவராய் என்று சொல்லிப் பழகிவிட்டார்கள். காஞ்சிபுரத்திலிருந்து மலையேறியதாக அம்மக்களிடம் ஒரு மரபுக்கதை உண்டு. பேசுவது தமிழ். கேரளத்துக்கும் அவர்களுக்கும் தொடர்பில்லை. ஆனாலும் பழங்குடிப் பட்டியலில் மாவட்டப் பெயர்களோடு ‘மலையாளி’ என்றுதான் இருக்கிறது. ஊருக்குள் ஆளைப் பார்த்தே தெரிந்துகொள்வார்கள். காகிதம் பெங்களூருக்கோ டெல்லிக்கோ போகும்போது ஆள் கூடப் போவதில்லை, எழுத்து மட்டும் போகிறது. சான்றிதழ் நகல் எடுக்க வந்த ஒரு பையன் என்னிடம் சொன்னான்: “நீ கேரளாவா, அங்க நீங்க எஸ்டி இல்லையேன்னு கேக்கறாங்கண்ணா. எங்க மலையப் பத்தி இங்கிலீஷ்ல நாலு வரி எழுதிக் குடுங்க, பைல்ல வெச்சுக்கறேன்.” எழுதிக் கொடுத்தேன். தான் யார் என்பதை அவன் தமிழில் ஒரு மணி நேரம் சொல்வான். அங்கே தேவைப்பட்டது நாலு ஆங்கில வாக்கியம்.

பெயர் விஷயத்தில் அரசே ஒரு தடவை முயன்று பார்த்தது. தமிழில் ஒலிக்கிறபடியே ஆங்கிலத்திலும் எழுத வேண்டும் என்று 2020 ஜூனில் 1,018 ஊர்ப்பெயர்களின் எழுத்துக்கூட்டலை மாற்றி ஆணை வந்தது. பல ஊர்களின் பெயர் நீண்டுபோய், கேலியும் குழப்பமுமாகச் சில நாட்களிலேயே ஆணை திரும்பப் பெறப்பட்டது.

சேலத்துக்காரர்களுக்கு மொழி அரசியலில் கொஞ்சம் அதிகமாகவே பங்குண்டு. ராஜாஜி இங்கே வக்கீலாக இருந்த காலத்தில், 1916-ல், அறிவியல் சொற்களைத் தமிழில் ஆக்குவதற்காக வெங்கடசுப்பையரோடு சேர்ந்து ஒரு சங்கம் தொடங்கினார். அடுத்த வருஷம் சேலம் நகராட்சித் தலைவர். அதே ராஜாஜி 1937-ல் மாகாணப் பிரதமராகி, அடுத்த வருஷம் 125 பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கினார். அப்போது கல்வி அமைச்சர், குமாரமங்கலம் ஜமீன்தார் டாக்டர் சுப்பராயன். அவரும் நம் பக்கத்து ஆள், ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவர். மாகாணம் கொந்தளித்து 1940-ல் அந்த ஆணை போயிற்று. பிறகு நடந்ததுதான் வேடிக்கை. 1955-ல் அமைந்த ஆட்சிமொழி ஆணையத்தில் உறுப்பினராக இருந்த சுப்பராயன், அவசரப்பட்டு ஆங்கிலத்தை எடுத்துவிட்டு இந்தியைக் கொண்டுவருவதை ஏற்காமல் தனியாக மறுப்புக் குறிப்பு எழுதினார். ராஜாஜி ஆங்கிலம் சரசுவதி கொடுத்த கொடை என்று வாதாடத் தொடங்கிவிட்டார். ஈட்டனிலும் கேம்பிரிட்ஜிலும் படித்த சுப்பராயனின் மகன் மோகன் குமாரமங்கலம், 1965-ல் இந்தியாவின் மொழி நெருக்கடி பற்றி ஒரு புத்தகமே எழுதினார், ஆங்கிலத்தில்.

இன்னொரு பக்கம், 1944 ஆகஸ்ட் 27 அன்று சேலத்தில் கூடிய மாநாட்டில் நீதிக்கட்சி திராவிடர் கழகம் ஆனது. ‘ஜஸ்டிஸ்’ என்ற ஆங்கிலப் பத்திரிகையின் பெயரால் அறியப்பட்ட கட்சி, ராவ்பகதூர்களும் சர்களும் நிறைந்த கட்சி, வெள்ளைக்காரன் கொடுத்த பட்டங்களைத் துறக்க வேண்டும் என்று அண்ணாதுரையின் தீர்மானத்தை நிறைவேற்றித் தமிழ்ப் பெயருக்கு மாறியது. பட்டத்தை விட்டார்கள். மொழியை விடவில்லை, விடவும் முடியாது. 1965-ல் இந்தி ஒரே ஆட்சிமொழியாகப் போகிறது என்ற அச்சத்தில் தமிழ்நாடு எரிந்தபோது தடுப்பாக நின்றது ஆங்கிலம். அண்ணா முதல்வராகி 1968 ஜனவரியில் கொண்டுவந்த இருமொழிக் கொள்கையில் தமிழுக்குப் பக்கத்தில் அது உட்கார்ந்துகொண்டது. எனக்கு அந்த முடிவில் இன்றும் உடன்பாடுதான். ஆனால் தடுப்புக்கு நிறுத்திய கதவு உள்ளே இருப்பவனுக்கும் கதவுதான் என்பதை அதற்குப் பின் வந்தவர்கள் போதுமான அளவு யோசிக்கவில்லை.

1956-லேயே தமிழை ஆட்சிமொழியாக்கச் சட்டம் வந்துவிட்டது. அலுவலகக் கடிதமெல்லாம் தமிழில்தான் வருகிறது. எப்படிப்பட்ட தமிழில்? ‘பார்வையில் காணும் கடிதத்தின்பால் தங்கள் கவனம் ஈர்க்கப்படுகிறது.’ இதில் ஒரு சொல்கூட ஆங்கிலம் கிடையாது. வாக்கியமோ முழுக்க ஆங்கிலம். யார் கவனத்தை யார் ஈர்ப்பது? கடிதம் வாங்கியவர் என்னிடம் கொண்டுவந்து, “இதத் தமிழ்ல சொல்லு தம்பி” என்று கேட்கும்போது சிரிப்பு வராது. பெண்டுல எறங்கு என்பவர் ஆங்கிலச் சொல்லைத் தமிழ் வாக்கியத்தில் உட்கார வைத்தார். அலுவலகம் தமிழ்ச் சொற்களை ஆங்கில வாக்கியத்தில் வரிசையாக நிறுத்துகிறது. தூய தமிழ் எது என்று என்னைக் கேட்டால் பஸ்ஸில் பேசுவதைத்தான் காட்டுவேன். அதற்காக நம் பழைய காகிதத் தமிழ் எல்லாருக்கும் புரிந்தது என்று சொல்லிவிடவும் முடியாது. ‘புத்திர பௌத்திர பாரம்பரியமாய் சர்வ சுதந்திர பாத்தியதையுடன்’ என்ற கிரயப் பத்திர நடையைப் புரிந்து யார் நிலம் வாங்கினார்கள்? அதற்கு விளக்கியதாகச் சாட்சிக் கட்டம் யாரும் போடவில்லை.

நான் ஆறாம் வகுப்பில் டவுனில் ஓர் ஆங்கில வழிப் பள்ளிக்கு மாறினேன். பெயர் வேண்டாம். வளாகத்துக்குள் தமிழ் பேசினால் ஒரு ரூபாய் அபராதம். எங்கள் தெரு ஒரு தினுசானது. ஒரு வீட்டில் கன்னடம், அடுத்த வீட்டில் சௌராஷ்டிரம், கோடி வீட்டில் உருது, நடுவில் நாங்கள். நெசவும் வியாபாரமும் சேர்த்து வைத்த தெரு. எந்த வீட்டுப் பிள்ளையும் மற்ற வீட்டு மொழியை அரைகுறையாகவாவது புரிந்துகொள்ளும், அதற்கு யாரும் மார்க் போட்டதில்லை. அந்தப் பள்ளியில் என்னோடு சேர்ந்த சௌராஷ்டிர வீட்டுப் பையன் முதல் வாரத்திலேயே எழுந்து நின்று, “சார், எங்க வீட்டுப் பாஷைக்கும் ஃபைன் உண்டுங்களா?” என்று கேட்டான். விதியில் தமிழ் என்றுதான் எழுதியிருந்தது. சார் யோசித்துவிட்டு உட்காரச் சொன்னார். அந்த வருஷம் முழுக்க நாங்கள் ஆறேழு பேர் இடைவேளையில் சௌராஷ்டிரம் கற்றோம். ஒரு ரூபாய் மிச்சம். ஆங்கிலம் வந்ததா என்றால், வகுப்பில் வாயைத் திறக்காமல் இருப்பது எப்படி என்பது நன்றாக வந்தது.

இது நம் ஊர்க் கண்டுபிடிப்பும் இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வேல்ஸில் வெல்ஷ் பேசிய பிள்ளையின் கழுத்தில் ஒரு மரத்துண்டை மாட்டிவிட்டார்கள். கென்யாவில் கிக்கூயு பேசிய மாணவர்களுக்கு அடியும் கழுத்தில் தொங்கும் தகடும் கிடைத்ததை எழுத்தாளர் கூகி வா தியாங்கோ சொல்லியிருக்கிறார். ஆங்கிலத்தில் பெயர் வாங்கிய பின்பு கதை எழுதுவதற்குத் தாய்மொழிக்கே திரும்பினார் அவர். சிங்கப்பூரில் தமிழ் நான்கு ஆட்சிமொழிகளில் ஒன்று, ஆனாலும் 1987 முதல் எல்லாப் பள்ளிகளிலும் ஆங்கிலம்தான் முதல் மொழி. தமிழ்ப் பலகை கண்ணில் படும், வீட்டில் தமிழ் பேசும் பிள்ளைகள் குறைந்துகொண்டே போகிறார்கள். இலங்கையில் 1956-ல் சிங்களம் மட்டும் என்று சட்டம் போட்டு ஆங்கிலத்தை இறக்கினார்கள். அது தமிழர்களை வெளியே தள்ளியது. சிங்கள மாணவர்களுக்காவது நல்லதாயிற்றா என்றால், பல்கலைக்கழகத்தில் அவர்கள் ஆங்கிலத்துக்கு வைத்த பெயர் ‘கடுவ’, வாள். சட்டத்தால் இறக்கிய பின்பும் அது வெட்டிக்கொண்டுதான் இருந்தது.

இந்தியாவில் 2011 கணக்கெடுப்பில் ஆங்கிலத்தைத் தாய்மொழி என்று சொன்னவர்கள் சுமார் 2.6 லட்சம் பேர். இரண்டாவது, மூன்றாவது மொழியாகத் தெரியும் என்றவர்களையும் கூட்டினால் கிட்டத்தட்ட 13 கோடி. அதாவது பத்தில் ஒருவர். மீதி ஒன்பது பேரும் தம் பிள்ளை அந்த ஒருவராக வேண்டும் என்று நினைப்பதைத் தவறென்று சொல்ல எனக்கு வாய் வராது. என் மகள் படிப்பதும் ஆங்கில வழிதான்.

அரசு இரண்டு பக்கமும் கால் வைத்து நிற்கிறது. தமிழ் வழியில் படித்தவர்களுக்கு அரசு வேலையில் 20 சதவீத முன்னுரிமை என்று 2010-ல் சட்டம். 2012 வாக்கில் அரசுப் பள்ளிகளிலேயே ஆங்கில வழிப் பிரிவுகள். அண்ணா பல்கலைக்கழகம் 2010-ல் கட்டடவியலையும் இயந்திரவியலையும் தமிழ் வழியில் தொடங்கியது. வேலை கொடுக்கிறவர் வாக்கியத்தை மாற்றாதபோது பாடத்தை மட்டும் மாற்றினால் பிள்ளைகள் எந்த நம்பிக்கையில் சேர்வார்கள்? மருத்துவ நுழைவுத் தேர்வில் தமிழ் வினாத்தாள் உண்டு. 2018-ல் அதில் 49 கேள்விகள் மொழிபெயர்ப்பில் பிழையாக இருந்தன. தமிழில் எழுதியவர்களுக்கு 196 மதிப்பெண் தர உயர் நீதிமன்ற மதுரைக் கிளை சொன்னது, உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. மூலக் கேள்வி ஆங்கிலத்தில் சரியாகத்தானே இருந்தது என்ற நிலை. அந்தச் செய்தி வந்த வாரத்தில் என் கடைக்கு வந்த ஒரு பெண் தன் மாற்றுச் சான்றிதழை நகலெடுத்துக்கொண்டே, “தமிழ்ல படிச்சது தப்பில்லண்ணா, தமிழ்ல எழுதுனதுதான் தப்பு” என்றாள்.

கல்விக் கடன் அம்மாவுக்கு வருகிறேன். நான் இன்ட்டு போட்டு முடிப்பதற்குள் மகள் வந்துவிட்டாள். வந்ததும் போனை எடுத்து அந்தக் காகிதத்தின்மேல் பிடித்தாள். கேமரா வழியாகப் பார்த்தால் ஆங்கிலம் தமிழாக மாறித் தெரிகிறது இப்போது. அம்மா எட்டிப் பார்த்து உரக்கப் படித்தார்: “கடன் வாங்கியவர் முதல்வரை வட்டியுடன் திருப்பிச் செலுத்த வேண்டும்.”

“எந்த முதல்வருடீ?”

“காலேஜ் பிரின்சிபால்னு நெனச்சுக்கிச்சும்மா போன். அசல சொல்றாங்க.”

“அசல்னு போட்டா தேஞ்சா போயிருவாங்க?” என்றவர் கொஞ்சம் யோசித்தார். ஏலச்சீட்டும் வாரவட்டியும் இருபது வருஷமாக நடத்திவரும் மனுஷி அவர். மளமளவென்று கேட்க ஆரம்பித்தார். படிப்பு முடிந்து எத்தனை மாசம் கழித்துக் கட்ட ஆரம்பிக்க வேண்டும்? அந்த மாசங்களுக்கும் வட்டி ஓடுமா? ஓடினால் அது அசலில் சேருமா, தனியாக நிற்குமா? புள்ளைக்கு வேலை கிடைக்காவிட்டால் நோட்டீஸ் யார் பெயருக்கு வரும்?

“எந்தப் பக்கத்துல இருக்குது, பாரு கண்ணு.”

பார்த்தேன். பதினோராம் பக்கம். எத்தனையோ பேருக்கு இந்தப் படிவத்தை நகலெடுத்துக் கொடுத்திருக்கிறேன், பதினோராம் பக்கத்தை அன்றுதான் வாசித்தேன். மகளும் நானுமாக வரிவரியாகச் சொன்னோம். வட்டி ஓடும். அசலில் சேரும். அம்மா விரலை மடக்கிக் கணக்குப் போட்டு, “அப்ப படிக்கறப்பவே மாசாமாசம் வட்டிய மட்டும் கட்டிடலாம்” என்று முடிவு சொல்லிவிட்டு, இன்ட்டு போட்ட இடமெல்லாம் தமிழில் கையெழுத்துப் போட்டார்.

சாட்சிக் கட்டம் பாக்கி. விளக்கினேன் என்ற இடத்தில் நான் போட்டேன். பழக்கதோஷம், ஆங்கிலத்தில்தான். தமிழில் போட்டிருந்தால் எனக்கொரு சாட்சி தேட வேண்டியிருக்கும்.